அழிக்க வேண்டாம்

திரியெஸ்தெயில் போரா அடித்தால்
குப்பைத் தொட்டிகள் கடலைப் பார்த்து ஓடும்.
முன்பெல்லாம் தெருவோரம் கயிறு கட்டியிருப்பார்கள்,
பிடித்துக்கொண்டு நடக்க.

அப்படிக் காற்றடித்த ஒரு பிப்ரவரி இரவில்
மூன்றாம் மாடியில், கடல் பார்த்த அறையில்
ஸோரிட்சா கரும்பலகையைத் துடைத்தாள்.
மேல் ஓரத்தில் வட்டம் போட்டு
எழுதியிருந்ததைத்தான் முதலில்:
'அழிக்க வேண்டாம்.'

ஏழு மாதம் அது.
புரோட்டானே ஆகாயமாகிவிடும்
அத்தனை சின்ன இடத்துக்குள்
ஆறு பரிமாணங்களை மடித்துச் சுருட்டி
எந்த மடிப்புக்கு எந்த உலகம் என்று
லிவியா செத்மாக் போட்ட கணக்கு.
நோட்டில் பாதி, பலகையில் மீதி.
படம் எடுத்து வைக்கவில்லையா என்று
பின்னால் எல்லோரும் கேட்டார்கள்.
எடுத்திருந்தாள்,
போன வாரத்துப் பலகையை.

காலையில் அவள் வந்தபோது
ஸோரிட்சா வீட்டுக்குப் போகாமல்
வாளியின் பக்கத்தில் நின்றிருந்தாள்.
உடைந்த இத்தாலியனில் சொன்னாள்:
ராத்திரி பொஷாரெவாட்ஸிலிருந்து போன்.
அண்ணன் வீட்டை விற்றுவிட்டான்.
பிளம் மரங்களோடு சேர்த்து.
கை என்ன செய்ததென்று
எனக்குத் தெரியவில்லை.

லிவியா கோட்டைக் கழற்றவில்லை.
மேசை மேல் உட்கார்ந்தாள்.
திட்டுவதற்கு வாய் திறந்தவள்
ஏனோ விளக்கத் தொடங்கினாள்.

எல்லாமே இழைதான் என்று ஒரு கணக்கு.
ஒரு மாதிரி அதிர்ந்தால் எலக்ட்ரான்,
இன்னொரு மாதிரி அதிர்ந்தால் ஒளி.
இழைகளுக்கு இந்த உலகம் போதவில்லை,
கூடுதலாக ஆறு திசை கேட்கின்றன.
அவற்றை மடிக்க எத்தனை வழியோ
அத்தனை உலகம் உண்டாகலாம்.
எத்தனை?
ஒன்று போட்டு ஐநூறு சுழி.
அனேகமானவற்றில்
நட்சத்திரம் பற்றவே பற்றாது.
தூசிகூடக் கிடையாது.

'தூசிகூடவா?'
ஸோரிட்சாவுக்கு அந்த இடம் பிடித்திருந்தது.

பிறகு, பிழிந்த துணியை
மறுபடி பிழிந்துகொண்டே கேட்டாள்:
'ஏதோ ஒன்றில்
அண்ணன் வீட்டை விற்காமல் இருப்பானா?'
'கூடாது என்று கணக்கு சொல்லவில்லை.'
'போக வழி?'
'இல்லை.'
'போனாவது?'
'இல்லை.'
'நிஜமாக இருக்கிறதா என்றாவது?'
லிவியா ஜன்னலைப் பார்த்தாள்.
இருபத்திரண்டு வருடமாக
யாரும் அவளிடம் இவ்வளவு நேராகக் கேட்டதில்லை.
'அதுவும் தெரியாது.'
'அப்படியானால் அங்கேயே இருக்கட்டும்.
எனக்கு இந்த ஒன்றைத் துடைக்கவே
இரண்டு வாளித் தண்ணீர் போதவில்லை.'

தனியே ஆனதும் லிவியா பலகையருகே போனாள்.
ஈரம் திட்டுத்திட்டாகக் காய்ந்துகொண்டிருந்தது.
இடது மேல் மூலையில்,
குள்ளமான ஒருத்தியின் கை எட்டாத உயரத்தில்
ஒரு அடைப்புக்குறி மட்டும்
திறந்தபடி மிஞ்சியிருந்தது.

பிழை என்ற சொல்லுக்குள்
தவறும் இருக்கிறது, உயிர் தப்புவதும்.

எங்கோ ஒரு மடிப்பில்
போன் வராத ஸோரிட்சா
எழுத்தைக் கூட்டிப் படித்துவிட்டு
பலகையைத் தொடாமல் விளக்கணைக்கிறாள்.
அங்கே இன்னொரு லிவியா இந்நேரம்
ஒன்பதாம் வரியில் குனிந்திருப்பாள்,
கழுத்து வலிக்க,
ஆறு வாரமாக நகராத அந்த ஒன்பதாம் வரியில்.
அவள்மேல் பொறாமை வரும் என்று காத்திருந்தாள்.
வரவில்லை.
வந்தது பசி.

ஆறாம் எண் பேருந்து நிறுத்தத்தில்
ஸோரிட்சா கம்பத்தைக் கட்டிப்பிடித்து நின்றாள்.
இப்போதெல்லாம் கயிறு கட்டுவதில்லை.
லிவியா போய்
அவள் முழங்கையைக் கோத்துக்கொண்டாள்.
அடுத்த வீச்சில்
இரண்டு பேரும் சேர்ந்து அதிர்ந்தார்கள்.
'பிளம் மரம் எத்தனை?' என்று கத்தினாள் லிவியா.
காற்றில் பதில் கேட்கவில்லை.
ஸோரிட்சா விரல்களை விரித்துக் காட்டினாள்.
ஒரு கை.
பிறகு கொஞ்சம் யோசித்து,
இன்னும் ஒரு விரல்.